ஒரே முகம், இரு சொற்கள்: ‘கிளீவ்’ என்னும் ஆங்கில வினை



ஆங்கில மொழியில் ‘கிளீவ்’ என்றொரு வினைச்சொல் உண்டு. சி, எல், இ, ஏ, வி, இ என்னும் 6 எழுத்துகளால் எழுதப்படுவது. கடைத்தெருவிலோ, பேருந்திலோ, தொலைக்காட்சிச் செய்தியிலோ இச்சொல் நம் காதில் விழுவது அரிது. ஆங்கிலேயரே அன்றாடப் பேச்சில் இதனை மிகுதியாகக் கையாள்வதில்லை. ஆயினும், இடைநிலைப் பள்ளிக்குச் சென்று ஆங்கிலக் கதைகளையும் அறிவியல் நூல்களையும் படிக்கத் தொடங்கும் மாணவர் என்றேனும் ஒருநாள் இதனைச் சந்திக்கவே செய்வர். சந்திக்கும்போது இடறி விழாதிருக்கும் பொருட்டு, இச்சொல்லின் வரலாற்றையும் வழக்கையும் இம்மலரில் சற்று விரிவாகவே எடுத்துரைக்க விழைகிறோம்.

அகராதியைப் புரட்டினால் இச்சொல்லுக்கு முதலில் காணும் பொருள் ‘பிளத்தல்’ என்பதாகும். அதே பக்கத்தில், சற்றுக் கீழே, அதே எழுத்துகளுக்கு எதிரே காணும் பொருள் ‘ஒட்டிக்கொள்ளுதல்’! ஒன்றை இரண்டாக்குவதும் இந்தச் சொல்லே. இரண்டை ஒன்றாக்கி நிறுத்துவதும் இந்தச் சொல்லே. முதற்பொருளை மட்டும் எழுதிக்கொண்டு அகராதியை மூடிவிடும் பழக்கம் மாணவரிடையே மிகுதி. மற்றச் சொற்களில் அதனால் பெருங்கேடு விளைவதில்லை. இச்சொல்லிலோ, பொருள் தலைகீழாகிவிடும்.

ஓர் எடுத்துக்காட்டுக் காண்போம். ‘தி ஒர்க்கர்ஸ் கிளீவ்ட் டு தெயர் யூனியன்’ என்று ஒரு வாக்கியம். தொழிலாளர்கள் தம் சங்கத்தோடு ஒட்டி நின்றார்கள், என்ன நேரினும் அதனைக் கைவிடவில்லை என்பது இதன் பொருள். இதிலுள்ள ‘டு’ என்னும் சிறு சொல்லை மட்டும் எடுத்துவிடுங்கள். ‘தி ஒர்க்கர்ஸ் கிளீவ்ட் தெயர் யூனியன்’ என்றாகும். தொழிலாளர்கள் தம் சங்கத்தைப் பிளந்துவிட்டார்கள் என்று பொருள்படும். சங்கத்தைக் காத்தவர்கள் ஒரு நொடியில் சங்கத்தை உடைத்தவர்கள் ஆகிவிடுகிறார்கள். இரண்டே எழுத்துகள் கொண்ட அந்த ‘டு’வைக் கவனியாத மாணவன், அகராதியில் கண்ட முதற்பொருளை வைத்துக்கொண்டு நல்லவரைப் பொல்லாதவராகப் படித்துவிடுவான். வீட்டிலே அதனைத் திருத்த ஆளில்லை என்றால் அப்பிழை அப்படியே மனத்தில் தங்கிவிடும்.

இவ்வாறு நேர் எதிரான இரு பொருள்கள் ஒரு சொல்லுக்கு எப்படி வந்தன? உண்மையில் இது ஒரு சொல் அன்று. வெவ்வேறு பிறப்புடைய இரண்டு சொற்கள், காலப்போக்கில் ஒரே முகத்தைப் பெற்றுவிட்டன.

ஆயிரம் ஆண்டுகட்கு முற்பட்ட பழைய ஆங்கிலத்தில், பிளத்தலுக்குக் ‘கிளேயோவன்’ என்று ஒரு வினை இருந்தது. ஒட்டுதலுக்குக் ‘கிளிவியன்’ என்று வேறொரு வினை இருந்தது. அக்காலத்து மக்கள் இவ்விரண்டையும் ஒன்றோடொன்று மயங்கியிருக்க மாட்டார்கள். இறந்தகாலம் காட்டும் முறையும் இரண்டிற்கும் வேறு வேறு. பின்னர் வந்த நூற்றாண்டுகளில் ஆங்கிலத்தின் ஒலிகள் மாறின. சொல்லின் ஈறுகள் தேய்ந்தன. எழுத்துக்கூட்டலுக்கும் நிலையான விதி அப்போது இல்லை. இரண்டு ஓடைகளும் ஒரே ஆற்றில் வந்து விழுந்தாற்போல, இரு வினைகளும் ‘கிளீவ்’ என்ற ஒரே ஒலியிலும் ஒரே எழுத்திலும் வந்து சேர்ந்தன.

ஆங்கிலத்தின் உடன்பிறந்த மொழிகளில் இந்தக் குழப்பம் நேரவில்லை. செருமானிய மொழியில் ‘கிளீபென்’ என்றால் பிளத்தல்; ‘கிளேபென்’ என்றால் ஒட்டுதல். முன்னது இன்று அம்மொழியிலும் அருகிவிட்டது. பின்னதோ நாள்தோறும் வழங்குகிறது. டச்சு மொழியிலும் அவ்வாறே இரண்டும் தனித்தனியாக நிற்கின்றன. ஆங்கிலத்தில் மட்டுமே இவ்விருவரும் ஒரே சட்டையை அணிந்துகொண்டு வந்து நம்மை ஏய்க்கிறார்கள்.

இவ்விரு வினைகளுக்கும் வெவ்வேறு சுற்றத்தார் உண்டு. ஒட்டுதலைக் குறிக்கும் கிளீவுக்கு உறவானது ‘கிளே’ என்னும் சொல், அதாவது களிமண். மழைக்காலத்தில் தோட்டத்துச் சிவப்பு மண் காலணியை விட்டு அகலாமல் ஒட்டிக்கொள்வதை அறிந்தவர்களுக்கு இவ்வுறவை விளக்க வேண்டுவதில்லை. பிளத்தலைக் குறிக்கும் கிளீவுக்குத் தூரத்து உறவு, கிரேக்க மொழியில் செதுக்குதலைக் குறிக்கும் வினை. எகிப்தியர் கல்லில் செதுக்கிய சித்திர எழுத்தை ‘ஹைரோகிளிஃப்’ என்கிறோமே, அதன் பின்பகுதி அவ்வினையிலிருந்து வந்ததுதான்.

இதனைப் படிக்கும் நம் மாணவர்கள் மலைத்துவிட வேண்டா. ஒரே முகமுடைய சொற்கள் தமிழிலும் நிரம்ப உண்டு. அவற்றைப் பிறந்தது முதல் தடுமாறாமல் கையாண்டு வருகிறீர்கள். ‘மாலை தொடுத்தாள்’ என்றால் பூமாலை; ‘மாலை வந்தாள்’ என்றால் பொழுது. ‘ஓடு’ என்பது ஓடச் சொல்லும் ஏவலாகவும் வரும். கூரைமேல் வேய்வதாகவும் வரும். ‘அண்ணனோடு’ என்பதில் உருபாகவும் வரும். எதனைக் கொண்டு பொருளை அறிகிறீர்கள்? பக்கத்தில் நிற்கும் சொல்லைக் கொண்டுதானே? 

நேர் எதிரான இரு பொருள் தரும் சொல்லும் தமிழில் இல்லாமற் போகவில்லை. ‘ஐயம் அற’ என்றால் ஐயம் சிறிதும் இல்லாமல் என்று பொருள். ‘அறப் படித்தவர்’ என்றாலோ முழுமையாகப் படித்தவர் என்று பொருள். படிப்பே இல்லாதவர் என்று எவரும் கொள்வதில்லை. ஆனால் இங்கே ஒரு வேறுபாடு. தமிழின் ‘அற’ ஒரே வேரிலிருந்து கிளைத்து இரு திசைகளில் வளர்ந்தது. ஆங்கிலத்தின் ‘கிளீவ்’ இரு வேர்களிலிருந்து வந்து ஒரு மரம்போல் காட்சி தருவது.

மலாய் மொழியில் பிளத்தலுக்கு ‘பெலா’ என்றும், ஒட்டுதலுக்கு ‘லெக்காட்’ என்றும் தனித்தனிச் சொற்கள் உள்ளன. மலாய் நாட்டுப்புறக் கதைகளில் பெயர்பெற்ற ‘பாத்து பெலா பாத்து பெர்த்தாங்குப்’ என்பதை மாணவர் பலர் கேட்டிருப்பீர்கள். பிளந்து திறக்கும் கல், மீண்டும் மூடிக்கொள்ளும் கல் என்பது அத்தலைப்பின் கருத்து. தான் ஆசையோடு வைத்திருந்த மீன்முட்டையைப் பிள்ளை தின்றுவிட்டதால் மனம் உடைந்த தாய் அக்கல்லின் வாயில் புகுந்துவிடும் துயரக் கதை. திறப்பதற்கு ஒரு சொல்லும் மூடுவதற்கு ஒரு சொல்லும் அங்கே தேவைப்பட்டன.

இனி, நூல் வழக்கிற்கு வருவோம். 1611ஆம் ஆண்டில் ஜேம்ஸ் மன்னரின் ஆணைப்படி வெளியான ஆங்கில விவிலிய மொழிபெயர்ப்பு, ஆங்கில உரைநடையின் போக்கையே வகுத்த நூல்களுள் ஒன்று. அந்நூலில் இவ்விரு வினைகளும் பலமுறை வருகின்றன. ஆதியாகமத்தில் ஆபிரகாம் பலிக்காக விறகைப் பிளக்கிறார். ரூத்தின் கதையில், கணவனை இழந்த மருமகள், தன் மாமியாரை விட்டுப் பிரிய மறுத்து அவரைப் பற்றிக்கொள்கிறாள். முன்னதற்கும் ‘கிளேவ்’, பின்னதற்கும் அதே ‘கிளேவ்’! இது ‘கிளீவ்’ என்பதன் பழைய இறந்தகால வடிவம், இன்று வழக்கொழிந்தது. ஆனால் ரூத்தின் கதையில் அச்சொல்லை அடுத்து ‘அன்டு’ என்னும் சொல் நிற்கிறது. நாம் மேலே கண்ட ‘டு’வின் பழைய வடிவமே அது. ஆபிரகாமின் கதையில் அப்படி எதுவும் இல்லை. வினையை அடுத்து நேரே விறகு நிற்கிறது. 400 ஆண்டுகட்கு முன்னரும் அடையாளம் இதுவே.

சேக்சுபியரும் இரண்டையும் கையாண்டிருக்கிறார். ‘ஹேம்லட்’ நாடகத்தில் அரசி, மகனின் சொற்கள் தன் நெஞ்சை இரண்டாகப் பிளந்துவிட்டதாகப் புலம்புகிறாள். ‘மேக்பெத்’ நாடகத்திலோ, புதிதாகக் கிடைத்த பட்டங்கள் புதிய ஆடையைப் போன்றவை, பழகப் பழகத்தான் உடம்போடு ஒட்டும் என்று ஒருவர் கூறுகிறார். பள்ளி திறக்கும் நாளில் கஞ்சி மொடமொடப்போடு புதுச் சீருடை அணிந்து வரும் நம் முதலாம் ஆண்டுப் பிள்ளைகளைப் பார்க்கும்போதெல்லாம் இந்த உவமை எமக்கு நினைவுக்கு வருவதுண்டு.

பிளத்தலைக் குறிக்கும் கிளீவின் வடிவங்களை இனிப் பார்ப்போம். இங்கேதான் மாணவர் மிகவும் திகைப்பர். இறந்தகாலம் காட்ட ‘கிளீவ்ட்’, ‘கிளெஃப்ட்’, ‘கிளோவ்’ என மூன்று வடிவங்கள் உண்டு. ‘பிளந்த’, ‘பிளவுபட்ட’ என்று பெயருக்கு அடையாகும்போது ‘கிளெஃப்ட்’ என்றும் ‘கிளோவன்’ என்றும் வரும். இவற்றை விருப்பம்போல் மாற்றிக்கொள்ள முடியாது. மாடு, ஆடு, பன்றி ஆகியவற்றின் குளம்பு இரண்டாகப் பிரிந்திருக்கும். அதற்குக் ‘கிளோவன் ஹூஃப்’ என்பதே வழக்கு. குதிரைக்கு அவ்வாறு இல்லை. அதன் குளம்பு ஒற்றைக் குளம்பு. பிளந்த கழியில் அகப்பட்டுக்கொண்டவன்போல் எப்பக்கமும் போக முடியாமல் தவிப்பவனை ‘இன் எ கிளெஃப்ட் ஸ்டிக்’ என்பர். நம்மவர் ‘இருதலைக் கொள்ளி எறும்பு’ என்று சொல்வதற்கு இது இணையானது. இங்கே ‘கிளோவன்’ என்று எழுதினால் பிழை. காரணம் கேட்டுப் பயனில்லை. வழக்கு அவ்வாறு நிலைத்துவிட்டது. இறைச்சிக் கடையில் எலும்பை வெட்டப் பயன்படும் அகன்ற கத்தி ‘கிளீவர்’. சமையலறையில் உள்ள பூண்டுப் பல்லுக்கு ஆங்கிலத்தில் ‘கிளோவ்’ என்று பெயர்; பூண்டு பல் பல்லாகப் பிரிவதால் வந்த பெயர் அது, இவ்வினையின் உறவினன். கிராம்புக்கும் ஆங்கிலத்தில் ‘கிளோவ்’ என்றே பெயர். ஆனால் அதற்கும் பிளத்தலுக்கும் யாதொரு தொடர்பும் இல்லை. ஆணி போன்ற வடிவமுடையதாகையால், ஆணியைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. ஒரே அஞ்சறைப் பெட்டிக்குப் பக்கத்தில் இப்படியும் ஒரு மயக்கம்!

‘கிளெஃப்ட்’ என்னும் சொல் வரும் இடங்களுள் பெற்றோர் கட்டாயம் அறிந்திருக்க வேண்டியது ஒன்று உண்டு. சில குழந்தைகள் மேலுதட்டிலோ, வாயின் மேலண்ணத்திலோ பிளவோடு பிறக்கின்றன. மருத்துவமனை அட்டையில் இதனைக் ‘கிளெஃப்ட் லிப்’ என்றும் ‘கிளெஃப்ட் பேலட்’ என்றும் எழுதுவர். தாய் கருவுற்றிருந்தபோது கிரகண வேளையில் வெளியே வந்ததாலோ, கத்தியைக் கையில் எடுத்ததாலோ குழந்தையின் உதடு பிளந்துவிட்டது என்று சொல்லும் வழக்கம் நம்மவரிடையே நெடுநாளாக உண்டு. அந்தத் தாய் ஆயுள் முழுவதும் அப்பழியைச் சுமக்கிறாள்.

ஆங்கிலச் சொல்லும் ‘பிளந்தது’ என்றே சொல்கிறது. ஆனால் நடந்தது பிளத்தல் அன்று. தாயின் வயிற்றில் வளரும் குழந்தையின் முகம், இருபுறமிருந்தும் வளர்ந்து வரும் பகுதிகள் நடுவே வந்து ஒன்றோடொன்று இணைவதால் உருவாகிறது. கருவுற்ற 4ஆம் வாரத்திற்கும் 7ஆம் வாரத்திற்கும் இடையே உதடும், 6ஆம் வாரத்திற்கும் 9ஆம் வாரத்திற்கும் இடையே மேலண்ணமும் உருவாகின்றன. அவ்விணைப்பு முழுமையடையாமல் நின்றுவிட்டால் அங்கே இடைவெளி தங்கிவிடுகிறது. முழுதாக இருந்த ஒன்றை எதுவும் வந்து வெட்டவில்லை. ஒட்ட வேண்டியது ஒட்டாமல் நின்றது, அவ்வளவே. சந்திரனுக்கும் சூரியனுக்கும் இதில் பங்கில்லை. அறுவை மருத்துவத்தால் இதனைச் சரிசெய்ய இயலும். உதட்டுப் பிளவைக் குழந்தைக்கு 12 மாதம் நிறைவதற்குள்ளும், அண்ணப் பிளவை 18 மாதத்திற்குள்ளும் மூடிவிடுவது நலம் என்று மருத்துவர் கூறுகின்றனர். அண்ணப் பிளவுள்ள குழந்தைக்குப் பால் உறிஞ்சுவது கடினம். பின்னர்ப் பேச்சும் தெளிவில்லாமல் போகக்கூடும். ஆகவே அட்டையில் இச்சொற்களைக் கண்டால் பூசைக்கும் பரிகாரத்திற்கும் நாளைப் போக்காமல் மருத்துவர் சொல்லும் நாளில் குழந்தையைக் கொண்டுசெல்வதே முறை.

பிளத்தல் என்பது வெட்டுதலினின்றும் வேறானது. இந்த நுட்பத்தைத் தமிழர்க்கு எளிதில் விளக்கலாம். ஏனெனில் நம்மிடம் இதற்குச் சொல்வளம் மிகுதி. மரத்தைத் தறிக்கிறோம், விறகைப் பிளக்கிறோம், மூங்கிலையும் தென்னை மட்டையையும் கீறுகிறோம், வெள்ளரிக்காயை நீளவாக்கில் வகிர்கிறோம், தலைமுடியைப் பிரித்து வகிடு எடுக்கிறோம். ஆங்கிலத்துக் ‘கிளீவ்’ இவற்றுள் ‘பிள’ என்பதற்கே நெருங்கியது. கருவியின் கூர்மையைவிடப் பொருளின் உள்ளமைப்பே அங்கு வேலை செய்கிறது. கோடரியால் விறகு பிளப்பவர் கட்டையை முதலில் திருப்பித் திருப்பிப் பார்ப்பது ஏன்? நார் ஓடும் திசையை அறியத்தான். நார் ஓடும் வழியே அடி விழுந்தால் ஒரே அடியில் கட்டை இரண்டாகும். குறுக்கே விழுந்தால் கோடரி சிக்கிக்கொள்ளும்; கைதான் வலிக்கும்.

கல்லுக்கும் இத்தகைய வழி உண்டு. அதனை நிலநூலார் ‘கிளீவேஜ்’ என்பர். நம் பெற்றோரும் பாட்டன்மாரும் அரிச்சுவடி எழுதிப் பழகிய சிலேட்டுப் பலகையை எண்ணிப் பாருங்கள். அது செய்யப்பட்ட கல் முன்னொரு காலத்தில் சேறாக இருந்தது. பூமியின் ஆழத்தில் பெரும் அழுத்தத்திற்கு உட்பட்டு, அதிலுள்ள நுண்ணிய தாதுத் தகடுகள் எல்லாம் ஒரே திசையில் படிந்து நின்றன. அதனால்தான் அக்கல் அத்திசையில் ஏடு ஏடாகப் பிரிகிறது. பிரிட்டனைச் சேர்ந்த வேல்ஸ் நாட்டின் வடமேற்குப் பகுதி இத்தொழிலுக்குப் பெயர்பெற்றது. அங்குத் தொழிலாளர் தாழ்ந்த இருக்கையில் அமர்ந்து, கற்பாளத்தைக் காலோடு சாய்த்து, அகன்ற உளியை அதன் விளிம்பில் வைத்து மரச் சுத்தியால் மெல்லத் தட்டுவர். பாளம் இரண்டாகும், ஒவ்வொரு பாதியும் மறுபடி இரண்டாகும், இவ்வாறே கூரைக்கேற்ற மெல்லிய ஓடுகள் கிடைக்கும். வலிமையாக அடிப்பவர் அத்தொழிலுக்கு ஆகார். கல்லின் போக்கை விரலால் அறிபவரே தேர்ந்தவர். பால் மரத்தில் உளி வைக்கும்போது பட்டையின் ஆழத்தைக் கைப்பழக்கத்தால் அறியும் நம் தோட்டத் தொழிலாளர்க்கு இது புரியும். அவ்வட்டாரத்தின் பெரிய சுரங்கங்களுள் ஒன்றாகிய டினோர்விக் 1969இல் மூடப்பட்டது. 2021இல் யுனெஸ்கோ நிறுவனம் அந்நிலப்பகுதியை உலக மரபுச் சின்னமாக ஏற்றது. ஒட்டும் களிமண்ணே காலத்தால் பிளக்கும் கல்லாயிற்று என்று எண்ணும்போது, நம் வினைச்சொல்லின் இரு முகங்களும் அந்தச் சிலேட்டிலேயே தெரிகின்றன.

வைரத்தின் கதை இதனினும் வியப்பானது. இயற்கைப் பொருள்களுள் மிகக் கடினமானது என்று வைரத்தைப் படிக்கிறோம். அவ்வைரமும் அதன் உள்ளமைப்புக்கேற்ற திசையில் ஓர் அடி விழுந்தால் பிளந்துவிடும். 1905இல் தென்னாப்பிரிக்காவில் 3,106 காரட் எடையுள்ள வைரக்கல் ஒன்று கிடைத்தது; ஏறத்தாழ 620 கிராம். கல்லினன் என்று அதற்குப் பெயர். 1908இல் ஆம்ஸ்டர்டாம் நகரில் ஜோசப் ஆஷர் என்பவர் அதனைப் பிளக்கும் பணியை மேற்கொண்டார். கல்லில் நுண்ணிய பள்ளம் எடுத்து, அதில் மழுங்கிய எஃகுத் தகட்டை நிறுத்தி, அதன்மேல் ஒரே அடி. திசை தவறினால் உலகின் மிகப் பெரிய வைரம் சில்லுகளாகிவிடும். முதல் அடியில் வைரம் அசையவில்லை. எஃகுத் தகடுதான் உடைந்தது என்று சொல்வர். பின்னர் வேறு தகடு கொண்டு வெற்றி கண்டனர். அதிலிருந்து 9 பெரிய கற்களும் 96 சிறு கற்களும் கிடைத்தன. அவற்றுள் மிகப் பெரியது இன்றும் இங்கிலாந்து அரச செங்கோலில் பதிந்துள்ளது.

அறிவியல் வகுப்புகளிலும் இச்சொல் வாழ்கிறது. சிறுகுடலில் டிரிப்சின் என்னும் நொதிப்பொருள் புரதத்தைத் துண்டாக்குவதைக் ‘கிளீவ்’ என்றே பாடநூல் கூறும். கருவுற்ற முட்டை ஒன்று இரண்டாகி, நான்காகி, எட்டாவதும் ‘கிளீவேஜ்’ எனப்படும். பேச்சுமொழி கைவிட்ட ஒரு சொல்லை அறிவியலார் எடுத்து வளர்ப்பது மகிழ்ச்சிக்குரியதே.

ஒட்டுதலைக் குறிக்கும் கிளீவின் வடிவங்கள் எளியவை. இறந்தகாலம் ‘கிளீவ்ட்’ ஒன்றே. ‘கிளெஃப்ட்’, ‘கிளோவன்’ என்னும் வடிவங்கள் இதற்கு இல்லை. ஆகவே அவற்றைக் கண்டால் பிளத்தல் என்று துணிந்து கொள்ளலாம். மழையில் நனைந்த சட்டை முதுகோடு ஒட்டுவதையும், தாகத்தால் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்வதையும் இவ்வினையால் எழுதினர். ஆனால் மிகுதியாக வழங்குவது மனத்தின் பற்றைக் குறிக்கத்தான். தாய்மொழியோடும், கொண்ட கொள்கையோடும், வாழ்க்கைத் துணையோடும் பிரியாமல் நிற்பதை ‘கிளீவ் டு’ என்பர். தமிழில் ‘ஒட்டு’ என்பதைவிடப் ‘பற்று’ என்பது இதற்குப் பொருந்தும் என்பது எம் கருத்து. கொடி கொழுகொம்பைப் பற்றுவதும் பற்று. மக்கள் மொழிமீது வைப்பதும் பற்று.

தேர்வுக் கட்டுரையில் இச்சொல்லை எழுதலாமா என்று சில மாணவர் கேட்கக்கூடும். வேண்டா என்பதே எம் விடை. பிளத்தலுக்கு ‘ஸ்பிலிட்’ என்றும், ஒட்டுதலுக்கு ‘ஸ்டிக்’ அல்லது ‘கிளிங்’ என்றும் எழுதினால் போதும். அரிய சொல்லைப் பொருந்தாத இடத்தில் வைப்பது, திருமண வீட்டுச் சரிகை வேட்டியைக் காலைப் பிரட்டுக்குக் கட்டிச் செல்வது போன்றது. எழுதுவதற்கன்று, படித்துப் பொருள் அறிவதற்கே இச்சொல்லைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

பெற்றோர்க்கும் ஒரு சொல். ஆங்கிலம் அறியாத நாங்கள் பிள்ளைக்கு எப்படி உதவுவது என்று நீங்கள் ஏங்குவதை அறிவோம். பிள்ளை அகராதியைப் பார்த்து ஒரு பொருளைச் சொன்னால், ‘அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் என்ன சொல் இருக்கிறது? அகராதியில் வேறு பொருளும் போட்டிருக்கிறதா?’ என்று இரண்டு கேள்வி கேளுங்கள். இதற்கு ஆங்கிலம் தெரிய வேண்டியதில்லை. சந்தையில் மீன் வாங்கும்போது மேலே இருப்பதை மட்டும் பார்த்து வாங்கிவிடுகிறோமா, செவுளையும் தூக்கிப் பார்க்கிறோமா? அது போன்றதுதான்.

இனி, இரு பொருள்களும் ஒருங்கே வரும் ஒரு வாக்கியம். மலாயாவில் 1950களிலும் 1960களிலும் வெளிநாட்டு முதலாளிகள் பெருந்தோட்டங்களை விற்க, வாங்கியவர்கள் அவற்றைக் கூறு போட்டு விற்றார்கள். நம்மவர் அதற்கு இட்ட பெயர் ‘துண்டாடல்’. வேலையும் குடியிருந்த வீடும் ஒரே நாளில் பறிபோன குடும்பங்கள் பல. அந்நாளில்தான், 1960இல், துன் வீ. தி. சம்பந்தன் அவர்களின் முயற்சியால் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் தோன்றியது. தொழிலாளர்கள் சிறுகச் சிறுகச் செலுத்திய பணத்தைக் கொண்டு அது தோட்டங்களை வாங்கியது. கெடாவிலுள்ள புக்கிட் சீடிம் அவ்வாறு முதலில் வாங்கிய தோட்டம். இந்நிகழ்ச்சியை ஆங்கிலத்தில், ‘தி எஸ்டேட்ஸ் வேர் கிளெஃப்ட், பட் தி ஒர்க்கர்ஸ் கிளீவ்ட் டு ஒன் அனதர்’ என்று எழுதலாம். எது பிளந்தது, யார் ஒட்டி நின்றார் என்பதை மாணவர்கள் தாமே பிரித்தறிந்து வீட்டில் பாட்டனாரிடம் சொல்லிக் காட்டுங்கள். மிச்சக் கதையை அவரே சொல்லக்கூடும்.

இரு வினைகளும் சொல்லளவில் மட்டுமன்றிச் செயலளவிலும் சந்திக்கும் இடம் ஒன்று உண்டு. மா, டுரியான் முதலிய கன்றுகளுக்குச் செய்யும் ஆப்பு ஒட்டு அது. ஆங்கிலத்தில் ‘கிளெஃப்ட் கிராஃப்டிங்’. மலாயில் ‘சந்துமான் பாஜி’. பால்மரத்திற்குச் செய்யும் மொட்டு ஒட்டு இதனினும் வேறு. அதில் பட்டையை மட்டுமே திறக்கிறோம், தண்டைப் பிளப்பதில்லை. ஆப்பு ஒட்டிலோ, வேர்க்கன்றின் தலையைச் சீராக அறுத்து நீக்கி, நிற்கும் தண்டை நடுவே மேலிருந்து கீழாகப் பிளக்கிறோம். நல்ல சாதி மரத்திலிருந்து எடுத்த இளங்குச்சியின் அடியை இருபுறமும் சீவி, ஆப்பு வடிவாக்கி, அப்பிளவில் செருகுகிறோம். பட்டைக்கு அடியில் உள்ள பசுமையான வளர்படை ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். குச்சி சிறுத்துத் தண்டு பருத்திருந்தால் ஒரு பக்கத்திலாவது பொருந்த வேண்டும். பிறகு பிளாஸ்டிக் நாடாவால் இறுகக் கட்டி, ஈரம் போகாமல் மேலே உறையிட்டு, நிழலில் வைத்துவிட வேண்டும். இடையில் அவிழ்த்துப் பார்ப்பது கூடாது. சில வாரங்களில் குச்சியின் நுனியில் இளந்தளிர் தலைகாட்டினால் பிளவு மூடி இரண்டும் ஒட்டிவிட்டன என்று அறியலாம். உறையை நீக்கலாம், நாடாவை மட்டும் இன்னும் சில நாள் விட்டுவைப்பது நல்லது.